பேசாத்தாள்: மௌனத்துக்கும் நினைவுக்கும் ஒரு கற்பனைத் தெய்வத்தைப் படைப்பது எப்படி?

மிகுபுனைவு என்று நாம் வழங்கும் ஃபேன்டஸி கதைகளில், எழுதுகிறவர் ஓர் உலகத்தை முழுவதுமாகத் தாமே படைத்துக்கொள்கிறார். அந்த உலகத்தின் மலைகளையும் ஆறுகளையும் மொழிகளையும் போலவே அதன் தெய்வங்களும் அவருடைய படைப்புதான். இப்படிப் படைக்கப்படும் தெய்வத்துக்குப் பெயர், உருவம், ஆளும் துறை, பிறப்புக் கதை, அடியார்கள், சடங்குகள், விலக்குகள் என்று பல கூறுகள் உண்டு. புதிதாக எழுத வருகிறவர்களில் பலர் பெயரையும் துறையையும் எழுதியவுடன் வேலை முடிந்ததாக எண்ணிவிடுகிறார்கள். 'இவள் மழைக்குத் தெய்வம், இவன் போருக்குத் தெய்வம்' என்ற வரிகள் குறிப்பேட்டில் நிறைவாகத்தான் தோன்றும். ஆனால் கதை தொடங்கிய பிறகு அந்தத் தெய்வத்துக்கு அங்கே செய்வதற்கு ஒன்றும் இருக்காது. அதன் முன்னால் மனிதர்கள் எதைச் செய்கிறார்கள், எதைச் செய்ய அஞ்சுகிறார்கள், எதை இழக்கச் சம்மதிக்கிறார்கள் என்பதைப் பார்க்கும்போதுதான் ஒரு தெய்வம் வாசகருடைய மனத்தில் உண்மையாகிறது.

பெங்களூரின் அல்சூர் பகுதியில் இருக்கும் என் அக்கா மகள், கல்லூரித் தோழர்களோடு சேர்ந்து வார இறுதிகளில் ஒரு மேசை விளையாட்டு நடத்துகிறாள். ஆளுக்கொரு பாத்திரத்தை ஏற்றுக்கொண்டு, பகடை உருட்டி, ஒரு நீண்ட கதையை எல்லோருமாக நடத்திச் செல்லும் விளையாட்டு அது. அதற்கான உலகத்தைப் படைத்துத் தரும் பொறுப்பு அவளுடையது. "மாமா, மௌனத்துக்கும் ஞாபகத்துக்கும் சேர்த்து ஒரே சாமியா வைக்கலாமா, இல்ல ரெண்டு சாமியா வைக்கணுமா?" என்று அவள் கேட்டபோது நான் சொன்ன விளக்கத்தின் விரிவே இந்தக் கட்டுரை. இத்துறைக்குப் புதியவர்களை மனத்தில் வைத்து, ஒரே ஒரு தெய்வத்தை எடுத்துக்கொண்டு, அதை அடியிலிருந்து கட்டிக் காட்டுகிறேன்.

இரண்டையும் ஒரே தெய்வத்திடம் ஒப்படைப்பதே நல்லது என்பது என் கருத்து. ஏனென்றால் இவை இரண்டும் எதிரெதிர்த் திசையில் இழுப்பவை. நினைவு பேச்சினால் வாழ்கிறது: ஒப்பாரி பாடுகிற பெண் இறந்தவரின் குணங்களை ஒவ்வொன்றாகச் சொல்லி அழுவதும், பாட்டி தான் பிறந்த ஊரின் கதையைப் பேரப்பிள்ளைகளிடம் திரும்பத் திரும்பச் சொல்வதும், மறதியைத் தள்ளிப்போடுவதற்கு மனிதர்கள் கண்ட வழிகள். ஆனால் மனிதர்களிடம் சொல்ல முடியாத நினைவுகளும் உண்டு. தான் செய்த துரோகம், கண்ணால் கண்ட கொலை, பறிகொடுத்த குழந்தையின் முகம் என்று எவ்வளவோ நினைவுகள் நாவுக்கு வராமலே ஒருவரோடு முடிந்துபோகின்றன. பேசப்படாத நினைவு எங்கே போகிறது என்ற கேள்விக்கு ஒரு சமூகம் கண்டுபிடித்த விடையாக நம் தெய்வத்தை அமைத்தால், அதற்குள் தொடக்கத்திலேயே ஓர் இழுபறி வந்துவிடும். அந்த இழுபறியிலிருந்துதான் கதைகள் பிறக்கும்.

உலகத்தார் முன்பே கண்டவை

கற்பனைத் தெய்வத்தைப் படைப்பதற்கு முன், உண்மையான சமயங்களில் இத்துறைகள் எப்படிக் கையாளப்பட்டன என்று பார்ப்பது பெரிதும் உதவும். பண்டைய கிரேக்கர்களின் நெமோசினி நினைவின் தெய்வம். கலைகளுக்குரிய ஒன்பது மியூஸ்களுக்கும் அவளே தாய். பாட்டும் வரலாறும் கூத்தும் நினைவின் பிள்ளைகள் என்ற எண்ணம் அந்த உறவுமுறைக்குள் அடங்கியிருக்கிறது. அதைவிட எனக்கு வியப்பளிப்பது இறந்தவர்களோடு புதைக்கப்பட்ட மெல்லிய பொன் தகடுகள். தென் இத்தாலியின் ஹிப்போனியோன் என்ற இடத்தில் 1969இல் கிடைத்த தகடு ஏறத்தாழ கி.மு. 400ஐச் சேர்ந்தது. பாதாளத்தில் வெள்ளைச் சைப்ரஸ் மரத்தருகே உள்ள ஊற்றை அணுக வேண்டாம், அதைத் தாண்டிச் சென்று நினைவின் ஏரியிலிருந்து வரும் குளிர்ந்த நீரைக் கேள் என்று அது இறந்தவருக்கு வழி சொல்கிறது. இறந்த பின்னும் தான் யார் என்பதை மறக்காதிருப்பதே அங்கே கேட்கப்படும் வரம். ஒரு தகடு, ஓர் ஊற்று, ஒரு தாகம் ஆகிய மூன்றுக்குள் ஒரு நம்பிக்கை முழுவதும் வந்துவிட்டதைப் புதிய எழுத்தாளர் கவனிக்க வேண்டும்.

மௌனத்துக்கு ரோமானியர்கள் ஆஞ்செரோனா என்ற தெய்வத்தை வைத்திருந்தார்கள். அவளுடைய சிலையின் வாய் கட்டி முத்திரையிடப்பட்டிருந்தது; டிசம்பர் 21 அவளுடைய திருநாள். எகிப்தியரிடமிருந்து வந்த ஹார்போகிரட்டீஸின் கதை வேறுவிதமானது. குழந்தை வடிவிலிருந்த ஹோரஸ் வாயருகே விரல் வைத்திருப்பது எகிப்தியக் கலையில் குழந்தைமையின் அடையாளம் மட்டுமே. கிரேக்கர்களும் ரோமானியர்களும் அதைப் 'பேசாதே' என்ற சைகையாக எடுத்துக்கொள்ள, அக்குழந்தை காலப்போக்கில் மௌனத்தின் தெய்வமானது. அயலார் ஒரு சிலையைத் தவறாகப் புரிந்துகொண்டதே ஒரு தெய்வத்தின் துறையை மாற்றியிருக்கிறது. உங்கள் உலகத்திலும் எல்லை தாண்டிப் போகும் தெய்வத்துக்கு இப்படி ஏதேனும் நேர்ந்தால், அந்த உலகத்துக்கு வயது கூடியதுபோல் இருக்கும்.

நம்மிடம் தட்சிணாமூர்த்தி இருக்கிறார். சிவன் கோயில்களில் கருவறையின் தென்புறச் சுவரில், கல்லால மரத்தடியில், சனகர் முதலிய நான்கு முனிவர்களுக்கு வாய் திறவாமல் சின்முத்திரையாலேயே உண்மையை உணர்த்தியபடி அமர்ந்திருக்கிறார். அவரைச் 'சொல்லாமல் சொன்னவர்' என்று போற்றிய பரஞ்சோதி முனிவர், 'நினையாமல் நினைந்து' என்று அதே அடியில் நினைவையும் சேர்த்துப் பாடியிருப்பது நம் தலைப்புக்கு நெருக்கமானது. நினைவின் பக்கத்தில் எமனுடைய கணக்கரான சித்திரகுப்தன் இருக்கிறார். ஏடும் எழுத்தாணியும் கொண்டு மனிதர்களின் நன்மை தீமைகளை மறவாமல் எழுதி வைக்கும் அவருக்குக் காஞ்சிபுரத்தில் தனிக் கோயிலே உண்டு. ஒருவர் பேசாமல் கற்பிக்கிறார், மற்றவர் மறக்காமல் எழுதுகிறார். இருவரையும் அப்படியே எடுத்துப் பெயர் மாற்றி வைப்பது எளிது. அது செய்யத்தகாதது என்பது என் உறுதியான எண்ணம். உண்மையாக வணங்கப்படும் தெய்வங்களிடமிருந்து அமைப்பைக் கற்கலாமே தவிர, உருவத்தை எடுத்துக்கொள்ளக் கூடாது.

கல்லிலிருந்து தொடங்குதல்

பெங்களூரில் வாழும் தமிழர்களுக்கு இந்த அமைப்பைக் கற்பதற்கு நூலகம்கூடத் தேவையில்லை. ஊரைச் சுற்றி நிற்கும் நினைவுக்கற்களே போதும். ஹெப்பாளில் 2018இல் கண்டெடுக்கப்பட்ட கிட்டய்யாவின் நினைவுக்கல், கங்க மன்னன் ஸ்ரீபுருஷனின் காலத்தில், சுமார் 750இல் நாட்டப்பட்டது. தன் ஊரைக் காக்கும் போரில் உயிர்விட்டவன் அவன். பேகூர் நாகேஸ்வரர் கோயிலில் உள்ள, 9ஆம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டிய கல்வெட்டு, பெங்களூருவில் நடந்த ஒரு போரில் இறந்தவனைக் குறிப்பிடுகிறது. இந்நகரின் பெயருக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய சான்றுகளில் ஒன்று ஒரு சாவைப் பற்றிய செய்தியாக இருக்கிறது. கன்னடர்கள் வீரகல்லு என்று அழைக்கும் இக்கற்களில் பல மூன்று அடுக்காகச் செதுக்கப்பட்டவை: கீழே போர், நடுவில் வீரனை மேலுலகுக்கு அழைத்துச் செல்லும் பெண்கள், மேலே தெய்வத்தின் முன் அமர்ந்திருக்கும் வீரன். எழுத்தறியாதவரும் கீழிருந்து மேலாகப் படித்துக்கொள்ளலாம்.

தமிழ் மரபு இதையே நடுகல் என்கிறது. கல்லைத் தேர்ந்து காண்பது, அதைக் கொண்டுவரத் தொடங்குவது, நீராட்டுவது, நடுவது, பெரும்படை என்ற சிறப்புச் செய்வது, வாழ்த்துவது என்று தொல்காப்பியம் இதற்கான படிகளை வரிசைப்படுத்துகிறது. இறந்த ஒருவர் இப்படிப் படிப்படியாகவே தெய்வமாகிறார். ஒவ்வொரு படியிலும் செய்வதற்கு ஒரு வேலையும், அதைச் செய்யும் ஆட்களும், அதற்கான பொருள்களும் இருக்கின்றன. தெய்வம் படைக்க விரும்புகிறவர் முதலில் எழுத வேண்டியதும் இந்த வேலைகளைத்தான் என்று நான் கருதுகிறேன்.

இக்கற்களில் இன்னொன்றும் நிகழ்கிறது. தலைமுறைகள் கடந்ததும் கல்லிலுள்ள எழுத்தைப் படிப்பார் இல்லாமற்போகிறது. வீரனின் பெயரும் போரின் காரணமும் மறைந்துவிடுகின்றன. ஆனாலும் ஊரார் மஞ்சள் பூசிக் குங்குமமிட்டு அதே கல்லைக் காவல் தெய்வமாக வணங்குவதை நிறுத்துவதில்லை. நினைவு போய்விட்ட பின்னும் வழிபாடு நிற்கிறது. மௌனமும் நினைவும் சந்திக்கும் இடம் இதுதான் என்று தோன்றியதால், என் தெய்வத்தையும் ஒரு கல்லிலிருந்தே தொடங்கினேன்.

பேசாத்தாள்

இனி வருவது முழுக் கற்பனை. உப்பாற்று நாடு என்று ஓர் உலர்ந்த நிலத்தை வைத்துக்கொள்வோம். அங்கே ஆறு உவர்த்துப்போய்விட்டது. மக்கள் உப்பு விளைவித்தும் ஆடு மேய்த்தும் பிழைக்கிறார்கள். நல்ல தண்ணீர்க் கிணறுகள் சிலவே இருப்பதால் சண்டைகள் எல்லாம் தண்ணீரைப் பற்றியவை. முன்னொரு காலத்தில் அந்நாட்டின் ஓர் ஊரைப் பகைவர் முற்றுகையிட்டனர். ஊருக்கு வெளியே மறைவான நல்லூற்று ஒன்று இருந்தது. அதன் இடம் ஆடு மேய்க்கும் ஒரு பெண்ணுக்கு மட்டுமே தெரியும். இரவில் அங்கே சென்று ஊருக்குத் தண்ணீர் கொண்டுவந்தவள் அவள்தான். பகைவர் அவளைப் பிடித்து, ஊற்றைக் காட்டச் சொல்லி வதைத்தார்கள். அவள் வாய் திறக்கவில்லை. தண்ணீர் கிடைக்காத படை சில நாளில் திரும்பிப் போனது, ஊர் பிழைத்தது, அவள் இறந்துபோனாள். ஊற்று இருந்த இடமும் அவளோடு போயிற்று. அவள் அதை யாரிடமும் சொல்லியிருக்கவில்லை.

இந்தப் பிறப்புக் கதையில் ஒரே மௌனம் ஊரைக் காப்பாற்றவும் செய்கிறது, ஊருக்குத் தீராத இழப்பையும் தருகிறது. எல்லாம் நன்மையாக முடியும் பிறப்புக் கதை கேட்க இனிமையாக இருக்கும். ஆனால் பிறகு வரும் அடியார்கள் விவாதிக்க அதில் ஒன்றும் மிஞ்சாது. கதையின் நடுவிலேயே ஒரு காயத்தை வைத்துவிட்டால், பின்னால் எழும் சடங்கும் சட்டமும் பிளவும் அதிலிருந்தே வரும்.

அவள் இறந்த இடத்தில் ஊரார் ஒரு கல்லை நட்டார்கள். மக்கள் அவளைப் பேசாத்தாள் என்று அழைக்கிறார்கள். பின்னாளில் கோயில் கட்டிய அரசர்கள் மோனவல்லி என்று பெயர் சூட்டினார்கள். ஒரு தெய்வத்துக்கு ஊர் வழங்கும் பெயரும் அரசு வழங்கும் பெயரும் தனித்தனியாக இருப்பது நம் நாட்டில் இயல்பானது. கற்பனை உலகத்திலும் அது உடனே ஒரு வரலாற்றைக் கொண்டுவந்துவிடும். சிலையின் வலக்கையில் மணியின் நாக்கு இருக்கிறது, இடக்கையில் முடிச்சிட்ட கயிறு. மௌனத் தெய்வம் என்றதும் வாயில்லாத முகத்தை வரையத் தோன்றும். ஆனால் வாயில்லாதவள் பேசாமலிருப்பதில் என்ன இருக்கிறது? பேசக்கூடியவள் பேச மறுத்தாள் என்பதே இவளுடைய பெருமை. ஆகவே சாதாரண உழைக்கும் பெண்ணின் முகமும், மூடிய வாயும் போதும். கோயிலில் மணி தொங்குகிறது, நாக்கு மட்டும் இருக்காது. படையலில் உப்பு சேர்ப்பதில்லை. கும்பகோணத்துக்கு அருகிலுள்ள ஒப்பிலியப்பன் கோயிலில் உப்பில்லாமல் நிவேதனம் செய்வதற்கு ஒரு திருமணக் கதை காரணமாகச் சொல்லப்படுவதைப் போல, இங்கேயும் ஒரு காரணம் உண்டு: ஊற்று நீர் உவர்க்காதது, ஆகவே அவளுக்கு உவர்ப்பு ஆகாது. உப்பை விற்று வாழும் மக்கள் தங்கள் தெய்வத்துக்கு மட்டும் உப்பைத் தருவதில்லை.

முடிச்சும் அதன் விலையும்

தெய்வத்தின் நடுநாயகமான சடங்கு எது என்று தீர்மானிப்பதே படைப்பவரின் மிக முக்கியமான வேலை. பேசாத்தாளுக்கு அது முடிச்சு வைத்தல். நம் வீடுகளில் நோய் தீரவோ காரியம் கூடவோ வேண்டிக்கொண்டு, மஞ்சள் துணியில் காசு முடிந்து வைக்கும் வழக்கம் உண்டு. நேர்ந்ததை நாம் மறந்தாலும் அந்த முடிச்சு மறக்காது. தென் அமெரிக்காவின் இன்கா மக்கள் கிப்பு என்ற கயிற்றுக் கொத்துகளில், முடிச்சின் வகையாலும் இடத்தாலும் பத்தின் மடங்குகளாக எண்களைப் பதிந்து, ஒரு பேரரசின் கணக்குகளையே பேணினார்கள். பேச்சும் எழுத்தும் இல்லாமல் நினைவைக் காக்க முடிச்சு போதும் என்பதற்கு இவை இரண்டும் சான்று.

உப்பாற்று நாட்டில், ஒரு நினைவை ஒப்படைக்க விரும்புகிறவர் ஒரு நாள் உண்ணாமலிருந்து, விடியலில் பனைநாரால் திரித்த கயிற்றோடு கல்லின் முன் உட்காருகிறார். நினைவின் ஒவ்வொரு பகுதியையும் மனத்துக்குள் கொண்டுவந்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு முடிச்சு இடுகிறார். முடித்ததும் கோயில் காவலர் கயிற்றை வாங்கி உள்ளறையில் தொங்கவிடுகிறார். அந்தக் கணத்திலிருந்து அந்த நினைவு மங்காது. சாகும்வரை நேற்று நடந்ததுபோல் தெளிவாக நிற்கும். ஆனால் அதை அவர் ஒருபோதும் சொல்ல முடியாது. நாக்கு புரளாது, கை எழுதாது. அவர் இறந்த பின், அவருடைய பிள்ளை திருநாள் இரவில் அக்கயிற்றைத் தொட்டால், ஓர் இரவுக்கு அந்த நினைவைத் தன் கண்ணால் காணலாம். கண்டவருக்கும் அதே கட்டு உண்டு.

இந்த வரமும் விலையும் ஒரே பொருளால் ஆனவை என்பதை நீங்கள் பார்க்கலாம். கற்பனை உலகங்களில் விலை என்றதும் ஆயுளில் பத்தாண்டு, ஒரு குவளை இரத்தம் என்று வெளியிலிருந்து எதையோ கொண்டுவந்து ஒட்டுகிறார்கள். அப்படி ஒட்டிய விலை எந்தத் தெய்வத்துக்கும் பொருந்தும், எனவே எந்தத் தெய்வத்தையும் காட்டித் தராது. மறக்காமலிருப்பதற்காகச் சொல்லாமலிருப்பது என்ற விலை பேசாத்தாளுக்கு மட்டுமே உரியது.

இப்போது யார் முடிச்சு வைக்க வருவார்கள் என்று யோசியுங்கள். குழந்தையை இழந்த தாய் வருவாள். அவளுடைய அச்சம் துக்கத்தைவிட அந்த முகம் மங்கிப்போவதைப் பற்றியது. ஆனால் முடிச்சு வைத்துவிட்டால் தன் மற்றப் பிள்ளைகளிடம் 'உங்களுக்கு ஓர் அண்ணன் இருந்தான்' என்று சொல்லவும் முடியாது. அவள் கயிற்றைக் கையில் வைத்துக்கொண்டு, முதல் முடிச்சை இடாமலே மாலைவரை உட்கார்ந்திருப்பதை எழுதினால், தெய்வத்தைப் பற்றி வேறு விளக்கம் வேண்டியதில்லை. சாயத்தொழிலின் இரகசியத்தைக் காக்க வணிகர்கள் வருவார்கள். குற்றவாளிகளும் வருவார்கள், ஏனென்றால் கொலையைக் கண்ட ஒருவரை மிரட்டியோ காசு கொடுத்தோ முடிச்சு வைக்கச் செய்துவிட்டால் சாட்சி ஒழிந்தது. இதைக் கேட்ட என் அக்கா மகள், "அப்போ அந்த ஊர்ல கோர்ட்டே நடக்காதே மாமா" என்றாள். நடக்க வேண்டும் என்றால் சட்டம் மாற வேண்டும். ஆகவே ஒரு சாவு நேர்ந்தால் நாற்பது நாள் கோயில் அறை பூட்டப்படும். அதற்குள் ஊர்ச்சபை விசாரணையை முடித்தாக வேண்டும். முடிச்சு வைத்தவர் மன்றத்தில் பேச முடியாதபோது அவருடைய திணறலையே சாட்சியாக ஏற்கலாமா என்பதில் அந்நாட்டு நீதியாளர்களுக்குள் பழைய கருத்து வேறுபாடு ஒன்று உண்டு. உண்மையாக வேலை செய்யும் ஒரு தெய்வம் இருந்தால், சட்டமும் வணிகமும் திருமணமும் அதற்கு ஏற்பத் தங்களை மாற்றிக்கொண்டிருக்கும். மாறவில்லை என்றால் அந்தத் தெய்வம் இன்னும் அந்த ஊருக்குள் வரவில்லை என்று பொருள்.

திருநாளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இதற்கு உலகத்தில் ஏற்கெனவே மிகச் சிறந்த முன்மாதிரி இருக்கிறது. பாலித் தீவின் இந்துக்கள் சக ஆண்டுப் பிறப்பன்று நியெபி என்ற மௌன நாளைக் கடைப்பிடிக்கிறார்கள். நெருப்பில்லை, வேலையில்லை, பயணமில்லை, கேளிக்கையில்லை. விமான நிலையமே ஒரு நாள் முழுவதும் மூடப்படுகிறது. முந்தைய மாலையில் பேருருவப் பொம்மைகளோடு பெரும் ஓசையெழுப்பி ஊர்வலம் போவார்கள். பேசாத்தாளின் இரவுக்கு நான் சேர்த்துக்கொண்டவை சிறிய செய்திகள்: ஆட்டு மணிகளுக்குள் புல் திணிப்பார்கள், கிணற்றுச் சகடைக்கு எண்ணெய் விடுவார்கள், கைக்குழந்தை உள்ள தாய்மாரும் இருமல் உள்ள முதியோரும் உப்பளக் குடிசைகளுக்குப் போய்விடுவார்கள். ஊர் தன் தெய்வத்துக்காகத் தன்னில் யாரை வெளியே அனுப்புகிறது என்பதையும் அந்தக் குடிசைகள் காட்டிவிடும்.

சொல்வோரும் அரசரும்

எந்த வழிபாட்டிலும் ஒரே குரல் இருந்ததில்லை. பேசாத்தாளின் அடியார்களில் சொல்வோர் என்று ஒரு பிரிவினர் இருக்கிறார்கள். ஊற்று தொலைந்ததற்குக் காரணம் அவள் யாரிடமும் சொல்லாததுதான்; ஆகவே அவளுடைய கல் நமக்குக் கற்பிப்பது 'நம்பத்தக்க ஒருவரிடமாவது சொல்லிவிடு' என்பதே என்று அவர்கள் நம்புகிறார்கள். ஊர் எல்லைக்கு வெளியே பறை கொட்டி அவளுடைய கதையைப் பாடுகிறார்கள்; கோயிலுக்குள் அவர்களுக்கு இடமில்லை. கோயில் காவலர்களும் சொல்வோரும் ஒரே கதையைத்தான் நம்புகிறார்கள், ஒரே பெண்ணைத்தான் நேசிக்கிறார்கள். எதிர்ப்பிரிவைக் கெட்டவர்களாகப் படைக்கும் ஆசையைப் புதிய எழுத்தாளர்கள் தவிர்க்க வேண்டும். பிறப்புக் கதையை வேறு பக்கத்திலிருந்து படித்தவர்களாக அவர்களைப் படைத்தால் இரு தரப்புக்கும் உயிர் வரும்.

எனக்கு மிக முக்கியமாகப் படுவது அரசரின் பங்கு. நினைவு என்று வந்தவுடன் அதிகாரம் அங்கே வந்துவிடுகிறது. கி.மு. 356இல் புகழுக்காக எபேசு நகரத்து ஆர்ட்டெமிஸ் கோயிலை எரித்த ஹெரோஸ்ட்ராட்டஸின் பெயரை யாரும் சொல்லக் கூடாது என்று அந்நகரத்தார் ஆணையிட்டார்கள். ஆனால் ஒரு வரலாற்றாசிரியர் எழுதிவைத்ததால் அது இன்றும் நமக்குத் தெரிகிறது. ரோமானியப் பேரரசன் காரகல்லா, 211இல் தன் தம்பி கேட்டாவைக் கொன்ற பின் அவனுடைய பெயரைக் கல்வெட்டுகளிலிருந்தும் முகத்தை ஓவியங்களிலிருந்தும் அழிக்கச் செய்தான். அப்படி முகம் சுரண்டப்பட்ட ஒரு குடும்ப ஓவியம் இன்றும் இருக்கிறது. உப்பாற்று நாட்டு அரசன் ஒருவன் ஓர் ஊரையே வெட்டிச் சாய்த்துவிட்டு, பிழைத்தவர்களைக் கோயிலுக்கு வரிசையாகக் கொண்டுவந்து, 'உங்கள் துயரத்தை அம்மையிடம் ஒப்படையுங்கள்' என்று கயிற்றை நீட்டினால் என்ன ஆகும்? வெளியிலிருந்து பார்க்கிறவர்களுக்கு அது கருணையாகவும் பக்தியாகவும் தெரியும். உள்ளே அவர்களுடைய வாய் என்றென்றைக்குமாகக் கட்டப்படுகிறது.

மௌனத்தைப் பற்றி எழுதுகிறவர் இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடக் கூடாது என்பதில் எனக்குப் பிடிவாதமே உண்டு. தானாக ஏற்கும் மௌனமும் பிறர் சுமத்தும் மௌனமும் வெளிப்பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும். அந்த ஆடு மேய்க்கும் பெண்ணின் மௌனம் அவளே தேர்ந்தது. அதை ஆணையாக மாற்றுகிறவன், அவளை வதைத்தவர்களின் பக்கம் போய் நிற்கிறான். இந்த நிலையில் கோயில் காவலர்கள் கயிற்றை வாங்குவார்களா, மறுப்பார்களா? மறுத்தால் தெய்வத்தின் வாசலை அடைத்த பழி வரும். வாங்கினால் கொலைக்கு உடந்தையாவார்கள். பல தலைமுறைகளாகப் பகைத்து நின்ற சொல்வோரிடம் அவர்கள் உதவி கேட்க வேண்டிய நாள் இதுவாக இருக்கலாம்.

அந்த நாளில் தெய்வம் என்ன செய்கிறது என்ற கேள்வி இயல்பாகவே எழும். கனவில் தோன்றிப் புதிராகப் பேசுவது, வானத்திலிருந்து குரல் கொடுப்பது ஆகிய வழிகள் பேசாத்தாளுக்கு அடைபட்டவை. ஒரே ஒரு முறை அவளைப் பேசவைத்தாலும் இவ்வளவு நேரம் கட்டியது சரிந்துவிடும். அவள் தலையிட்டாளா இல்லையா என்று அடியார்களே சச்சரவு செய்யும் அளவுக்கு அவளுடைய விடைகள் சிறியவையாக இருக்க வேண்டும்: அரசன் நீட்டிய கயிற்றில் முடிச்சு நிற்காமல் நழுவுகிறது, அவ்வளவே. நார் புதிது, வழுக்கியது என்று அரசனின் ஆட்கள் சொல்வார்கள். அம்மை மறுத்துவிட்டாள் என்று கிழவிகள் சொல்வார்கள். கதாசிரியர் எந்தப் பக்கமும் தீர்ப்புச் சொல்ல வேண்டியதில்லை.

இதையெல்லாம் வாசகருக்கு எப்படிக் கொடுப்பது? நான் இங்கே விளக்கிய வரிசையில் கொடுக்கவே கூடாது. பிறப்புக் கதையில் தொடங்கினால் அது தலபுராணமாகிவிடும். சடங்கின் விதிகளில் தொடங்கினால் விளையாட்டின் கையேடாகிவிடும். ஊர்ச்சபையில் ஒரு கிணற்று வழக்கிலிருந்து தொடங்குங்கள். இரண்டு குடும்பங்கள் ஒரே கிணற்றுக்கு உரிமை கொண்டாடுகின்றன. கிணறு வெட்டிய நாளில் உடனிருந்த ஒரே முதியவரை அழைத்து நிறுத்துகிறார்கள். அவர் வாய் திறக்கிறார், சொல் வரவில்லை. சபையில் இருந்த ஒருத்தி எழுந்து, "பெரியவர் எப்போது முடிச்சு வைத்தார் என்று காவலரைக் கேளுங்கள்" என்கிறாள். முதியவர் எதை ஒப்படைத்தார், ஏன் ஒப்படைத்தார், அந்தக் கிணறு தொலைந்த ஊற்றின் மேலேயே வெட்டப்பட்டதா என்பவற்றையெல்லாம் அதற்கடுத்த அத்தியாயங்கள் பார்த்துக்கொள்ளும்.